மண்ணுக்குள் போன கான்கிரீட்

மாமா கட்டிய எந்தச் சுவரிலும் விரிசல் விட்டதில்லை. இதைச் சொல்வது அத்தை. அதுவும் பாராட்டாக இல்லை. "எனக்கில்ல, சுவத்துக்குத்தான் இவரு புருஷன்" என்பாள்.

அம்மாவின் தம்பி அவர். காண்ட்ராக்டர். கடைசியாக எடுத்த வேலை, அரசு மருத்துவமனைக்குப் பின்னால் வாய்க்காலை ஒட்டி ஒரு தடுப்புச் சுவர். அஸ்திவாரத்துக்குத் தோண்டத் தோண்டச் சேறுதான் வந்தது. மேற்பார்வைக்கு வந்த பொறியாளர், "கெட்டி மண் வர்ற வரைக்கும் போங்க, கணக்கை அப்புறம் எழுதிக்கலாம்" என்றார். பிளானில் இருந்ததைப் போல இரண்டு மடங்கு ஆழம் போனார் மாமா. மண்ணுக்குள் மறைகிற வேலையை அதிகாரி வந்து அளந்த பிறகுதான் மூட வேண்டும். தொழிலில் இது அரிச்சுவடி. ஆனால் குழியின் பக்கங்கள் சரியத் தொடங்கிவிட்டன. பொறியாளர் போனை எடுக்கவில்லை. மாமா கான்கிரீட்டைக் கொட்டிவிட்டார்.

அந்தப் பொறியாளர் மாற்றலாகிப் போக, வந்தவர் பிளானில் உள்ள ஆழத்துக்கு மட்டும் பில் போட்டார். "கண்ணால பார்க்காததுக்கு நான் எப்படிங்க கையெழுத்துப் போடுறது?" அவரைக் குற்றம் சொல்லவும் முடியாது. சிமென்ட் கடைக்கும் கம்பிக் கடைக்கும் வீட்டை அடமானம் வைத்துக் கடன் தீர்த்திருந்தார் மாமா. மிச்சப் பணம் வந்தால்தான் வீடு மீளும். வழக்குப் போட்டார்.

விசாரணை நாளன்றெல்லாம் வெளிநாட்டிலிருந்து கூப்பிடுவேன்.

"என்ன மாமா ஆச்சு?"

"தேதி குடுத்தாங்க. நம்ம காலண்டர்ல இல்லாத தேதியெல்லாம் கோர்ட்ல கிடைக்குதுடா."

பழைய பொறியாளர் சாட்சிக் கூண்டில் ஏறி, ஞாபகமில்லை என்று சொல்லிவிட்டு இறங்கினார். கடைசியில், தோண்டிப் பார்க்கச் சொல்லி ஓர் ஆணையரை நியமித்தது நீதிமன்றம். விடுமுறையில் வந்திருந்த நானும் கூடப் போனேன்.

சுவரை ஒட்டித் தோண்டினார்கள். பிளானில் இருந்த ஆழம் தாண்டியது. கான்கிரீட் இன்னும் கீழே போய்க்கொண்டிருந்தது. மாமாவின் வக்கீலம்மா முகத்தில் முதல்முறையாகச் சிரிப்பு. அப்போது குழியில் தண்ணீர் ஊறி, ஒரு பக்கம் பொலபொலவென்று சரிந்தது. மாமா அண்ணாந்து பார்த்தார். சுவருக்கு மேல் வார்டு ஜன்னல். கம்பியில் யாரோ துண்டு உலர்த்தியிருந்தார்கள்.

"நிறுத்துங்க" என்றார்.

"சார், இன்னும் கொஞ்சம் போனா அடி தெரிஞ்சுடும்!" என்று பதறினார் வக்கீலம்மா.

"சுவரும் தெரியாம போயிடும்மா."

"முட்டுக் கொடுத்துத் தோண்டலாமே" என்றார் ஆணையர்.

"யாரு செலவுல?" என்றார் மாமா.

அரசுத் தரப்பில் வந்திருந்த துறை ஆட்கள் வாய்க்காலைப் பார்த்தார்கள். அன்றைக்கு வந்த கூலியாட்களுக்குக் கொடுக்கவே மாமா என்னிடம்தான் பணம் வாங்கியிருந்தார். குழியை மூடினார்கள். கண்ணுக்குத் தெரிந்தவரை எழுதிக்கொண்டார் ஆணையர்.

வீட்டில் அத்தை கேட்டாள்: "அரசாங்கச் சுவருதானே? சாஞ்சா சாயட்டும்னு விட்டா என்ன?"

"பின்னாடி ஆளுங்க படுத்திருக்காங்கடி."

"நம்ம எங்க படுக்கிறது?"

மாமா சட்டையைக் கழற்றி ஆணியில் மாட்டினார்.

தீர்ப்பில் வந்தது, தெரிந்த ஆழத்துக்கான பணம் மட்டும். பேங்க் வட்டிக்கே அது போதவில்லை. வீடு கைமாறியது.

இப்போது மாடியில் ஒற்றை வாடகை அறை. இன்னமும் கூப்பிடுகிறேன். விசாரிக்க வழக்கு இல்லை.

"மாத்திரை தீந்துபோச்சுன்னு உங்க அத்தைகிட்ட சொல்லுடா" என்று போனை நீட்டுவார் மாமா. கட்டிலின் மறுமுனையில்தான் அவள் உட்கார்ந்திருப்பாள். கடல் கடந்து நான் அதைச் சொல்வேன்.

"வாங்கி வச்சிருக்குன்னு சொல்லு" என்று போனைத் திருப்பிக் கொடுப்பாள்.