நான்கு மூலையும் ஒரு கட்டைவிரலும்

ஏலத்துக்கு வரும் வீட்டின் கதவில் வங்கி நோட்டீஸ் ஒட்டுகிறவரை யாராவது வாழ்த்துவார்களா? பசைக்காரர் பதினோரு வருடமாக வசவை வாங்கிக் கட்டிக்கொண்டவர். அதற்கு முன் சினிமா போஸ்டர் ஒட்டினார். "அப்பல்லாம் என்னைப் பாத்தா சிரிப்பாங்க" என்பார்.

அவருக்கென்று ஒரு முறை உண்டு. காகிதத்தின் நான்கு மூலையையும் கட்டைவிரலால் அழுத்துவார், செல்போனில் படம் எடுப்பார், பிறகு கதவைத் தட்டுவார். வீட்டுக்காரர் ஏலத் தேதியை வாய்விட்டு வாசிக்கும்வரை நகரமாட்டார். வங்கி கேட்டது படம் மட்டும்தான். கதவைத் தட்டுவது அவராகச் சேர்த்துக்கொண்ட வேலை.

ஒருநாள் ஒரு தையல்காரம்மா வீட்டுக்குப் போனபோது ஆளில்லை. ஒட்டினார், படம் எடுத்தார், தெருமுனை தாண்டுவதற்குள் மழை கொட்டியது. ஓடி வந்து பார்த்தால் நோட்டீஸ் சாக்கடையில் போய்க்கொண்டிருக்கிறது. வேறு பிரதி கிடைத்து மறுபடி ஒட்ட எட்டு நாள் ஆனது. ஏலத்துக்கு அப்போது இருபத்திரண்டு நாள்தான் பாக்கி. சட்டம் கேட்பதோ முப்பது. வங்கிக் கிளையில் சொன்னார். "படம் இருக்குல்ல, விடுங்க" என்றார்கள். விட்டுவிட்டார். அது தப்புதான்.

தையல்காரம்மா தீர்ப்பாயத்தில் வழக்குப் போட்டார். கடனை அவர் மறுக்கவில்லை. தாய்வீட்டு நிலத்தை வாங்க ஆள் கிடைத்திருந்தது. கிரயம் முடியும்வரை வீடு கைமாறாமல் இருந்தால் போதும். முப்பது நாள் தரவில்லை என்று அவர் சொல்ல, வங்கி படத்தை நீட்டியது. அதில் தேதி பளிச்சென்று இருந்தது.

பசைக்காரரைச் சாட்சிக்கு அழைத்தார்கள். "படம் நீங்க எடுத்ததான்னு கேப்பாங்க. ஆமான்னுட்டு இறங்கிடுங்க" என்று வங்கி வக்கீல் சொல்லிக்கொடுத்தார். அதில் பொய்கூட இல்லை.

கிளம்பும்போது மனைவி கேட்டாள்: "உள்ளதச் சொன்னா வேலை போயிடுமே?"

"சொல்லலைன்னா அந்தம்மாவுக்கு வீடே போயிடும்."

கூண்டில் ஏறினார். படம் அவர் எடுத்ததுதானா என்று கேட்டார்கள்.

"ஆமாங்கய்யா. ஆனா அந்தக் காகிதம் அஞ்சு நிமிஷம்கூட நிக்கல. மழை அடிச்சிட்டுப் போயிடுச்சு. மறுபடி ஒட்டினது எட்டு நாள் கழிச்சு."

ஏலம் ரத்தானது, வேண்டுமானால் புதிதாக நோட்டீஸ் கொடுத்து நடத்தலாம் என்று உத்தரவு. சோற்றைப் பணயம் வைத்து உண்மை சொன்ன அந்த மனுஷனைக் கையெடுத்துக் கும்பிடலாம்.

மூன்று வாரம் கிளையிலிருந்து அழைப்பே இல்லை. "அடுத்த நோட்டீஸ் நம்ம கதவுக்குத்தான். நீங்களே ஒட்டிடுங்க, கூலியாவது கிடைக்கும்" என்று மனைவி கிண்டலடித்தாள். அப்புறம் மேனேஜரே பேசினார்.

"அதே வீடுதான். நீங்க ஒட்டினேன்னு சொன்னா இனிமே யாரும் மறுக்க முடியாதுன்னு நம்ம வக்கீலே சொல்றாரு."

பசைக்காரர் போய் ஒட்டினார். மூலைகளை அழுத்தினார். தட்டினார். தையல்காரம்மா வெளியே வந்து தேதியை வாசித்தார்.

"முப்பது நாள் இருக்காண்ணே?"

"முப்பத்தொண்ணும்மா. எண்ணிட்டுத்தான் வந்தேன்."

இருபத்தாறாம் நாள், இழுத்துக்கொண்டிருந்த கிரயம் முடிந்து கடன் அடைந்தது. ஒட்டினவரே வந்து எடுக்கட்டும் என்று தையல்காரம்மா ஆளனுப்பினார். பசைக்காரர் ஈரத்துணியால் தேய்த்துப் பார்த்தார், அசையவில்லை. அந்த முறை பசையில் கஞ்சத்தனமே காட்டவில்லை அவர். சுரண்டியதில் காகிதத்தோடு பெயிண்டும் உரிந்து வந்தது. அவர் கையைப் பிசைந்துகொண்டு நின்றார்.

"பெயிண்ட் போனா போகுது, விடுங்கண்ணே" என்றார் தையல்காரம்மா. "கதவு இருக்குல்ல."