கரிக் கண்ணாடியில் என் பேர்

பீடோரில் மூடிப்போன கொட்டகையிலிருந்து புரொஜெக்டரின் அடிப்பாகத்தைத் தூக்கி வந்தது நான். ஆயர் தாவாரில் கோழிக் கூண்டுக்குப் பின்னால் துருவேறிக் கிடந்த தலைப்பாகத்தை அதன்மேல் உட்கார வைத்தது நான். பிசுபிசுத்துப்போன செய்திப் படச் சுருள்களைத் துடைத்து, அறுந்த இடமெல்லாம் ஒட்டி, பழைய வெள்ளத்தையும் பாலத் திறப்பையும் மறுபடி திரையில் ஓட வைத்ததும் நான்தான். ஈப்போவில் பழைய செய்திப் படம் மட்டுமே காட்டும் கொட்டகையா, ஒரு வாரம் தாங்காது என்றார்கள். இன்றும் சனிக்கிழமை வந்தால் நாற்காலி போதுவதில்லை.

நான் ரப்பர் தோட்டப் பள்ளியில் மூன்றாவதோடு நின்றவன். பால்மரம் சீவப் போகாமல் டவுன் கொட்டகையைக் கூட்டப் போனேன். மிஷின் அறைக்கு என்னை யாரும் கூப்பிடவில்லை, நானாக ஏறினேன்.

ஈப்போ கொட்டகையின் திறப்பு விழாவில் வாசலில் பித்தளைப் பலகை மாட்டினார்கள். அதில் கட்டடம் கொடுத்த முதலாளி பேர் இருந்தது, பெயின்ட் கொடுத்த கடையின் பேர்கூட இருந்தது. என் பேரை எந்த மொழியில் எழுதினாலும் எனக்குத் தெரியும். அது இல்லை. நிர்வாகியிடம் கேட்டேன்.

"நீங்க நம்ம ஆளுலா அண்ணே. உங்களுக்கு எதுக்குப் பலகை?"

அந்தக் காலத்தில் டவுன் கொட்டகையில், படம் பார்க்க ஆள் ஏற்றி வந்த தோட்டத்து லோரி கிளம்புகிறது என்றால், கண்ணாடித் துண்டை விளக்கில் காட்டிக் கரி பிடிக்க வைப்பேன். ஆணியால் 'சிம்பாங் பூலாய் லோரி கிளம்புது' என்று கீறித் திரையில் காட்டுவேன். பாதிப் படத்தில் ஒரு வரிசையே எழுந்து ஓடும். திரையில் வந்தால் ஜனம் நம்பும்.

திறப்பு விழாவுக்கு அடுத்த சனிக்கிழமை அதே மாதிரி கண்ணாடியைக் கரியாக்கி என் பேரைக் கீறினேன். கீழே, 'இந்த மிஷினைக் கட்டியவன்.' செய்திப் படத்துக்கு முன்னால் காட்டினேன். கூட்டம் சத்தமாகப் படித்தது.

நிர்வாகி மூச்சிரைக்கப் படியேறி வந்தார். "எடுத்துடுங்கண்ணே, முதலாளி கீழ உக்காந்திருக்காரு."

"அவருக்கும் படிக்கத் தெரியும்லா. படிக்கட்டும்."

வேறு ஆளை வைத்துக்கொள்வோம் என்றார். தாராளமாக என்றேன். ஒருவன் வந்தான், சுருளை அறுத்தான், போய்விட்டான். என் கண்ணாடி வாராவாரம் ஓடுகிறது.

இப்போது இறங்கி வந்து, பலகையின் அடியில் கொஞ்சம் இடமிருக்கிறது என்கிறார்கள். அடியில் வேண்டாம். பெயின்ட் கடைக்கு மேலே என் பேரைச் செதுக்குங்கள். அதற்குப் புதுப் பலகை வேண்டுமென்றால் செய்யுங்கள். அதுவரை அந்தக் கரியை நான் துடைக்கப்போவதில்லை.