போஹ்தான் என்று வைத்தேன்

என் மகனுக்குப் போஹ்தான் என்று பெயர் வைக்கப்போகிறேன் என்றதும் எங்கள் தோட்டத்து லயத்தின் வரிசை வீடுகளில் எல்லோருக்கும் சந்தேகம் தீர்ந்துவிட்டது. "பாத்தியா, சுத்தாவோட புள்ளதான்" என்றார்கள். வெள்ளைக்காரனுக்கு எங்கள் பக்கத்துச் சிங்களப் பேச்சில் சுத்தா. பிள்ளையோ அடுப்புக்கரி நிறம். கண்ணை எங்கே அடகு வைத்தார்களோ!

தகப்பன் இதே தோட்டத்து மேல் லயத்துக்காரன், இரத்தினபுரி பஸ்ஸில் கண்டக்டர். நான் வயிற்றில் பிள்ளையோடு நின்றபோது அவன் வீட்டார்தான் அந்தச் சுத்தா கதையைக் கட்டிவிட்டார்கள். நான் கடற்கரை ஹோட்டலில் அறை கூட்டிய பெண் என்பதால் கதை சுலபமாக ஒட்டிக்கொண்டது.

அந்த ஹோட்டலில் யுக்ரேன் நாட்டுப் பெண் ஒருத்தி, ஊரில் சண்டை என்பதால் திரும்பிப் போக முடியாமல் மாதக்கணக்கில் இருந்தாள். போஹ்தான் அவள் மகனின் பெயர். கடவுள் கொடுத்தவன் என்று அர்த்தமாம். போனில் மொழிபெயர்த்துக் காட்டினாள். தவமிருந்து பெற்ற பிள்ளைக்கும் வைப்பார்களாம். முன்காலத்தில் தகப்பன் யாரென்று சொல்ல முடியாத பிள்ளைக்கும் வைப்பார்களாம். அந்த நாட்டின் பெரிய படைத்தலைவர் ஒருவருக்கும் இதே பெயராம். அந்த இடத்தில்தான் நான் விழுந்தேன். அந்த மூன்று பேரில் யாரும் யாரையும் கீழே தள்ளாத பெயர். சொன்னால் வாய் நிறைகிறது.

முப்பத்தொன்றாம் நாள் பெயர் வைப்பது எங்கள் வழக்கம். தகப்பனோடு கூடப்பிறந்தவள், அதாவது பிள்ளைக்கு அத்தை, பாயில் உட்கார்ந்து பிள்ளையை மடியில் போட்டுக் காதில் மூன்று தடவை பெயர் சொல்லவேண்டும். முந்தின நாள் அவனுடைய அக்கா வீடு தேடி வந்தாள்.

"எங்கப்பா பேர வச்சிரு. நானே மடியில போட்டுச் சொல்றேன். அப்பறம் எந்தம்பி தகப்பன்னு கையெழுத்துப் போடுவான். வாயில நொழையாத அந்தப் பேரு நமக்கெதுக்கு?"

தம்பி வரவில்லை. பெரிய துரை மாதிரி அக்காவை அனுப்பியிருக்கிறான்.

"புள்ளைக்கி அப்பன் பேரு கெடைக்குதுடி, வீம்பு புடிக்காத" என்று அம்மா அழுதாள். நாளைக்குப் பள்ளிக்கூடத்தில் பிள்ளை தலைகுனிந்து நிற்கக்கூடாதே என்று எனக்கும் பயமாகத்தான் இருந்தது. எனக்கும் சேர்த்து அம்மாவே தலையாட்டினாள்.

மறுநாள் அவன் அக்கா வந்து பாயில் உட்கார்ந்ததும் லயமே எட்டிப் பார்த்தது. பிள்ளையை மடியில் வாங்கிக் காதருகே குனிந்தாள். எனக்கு உடம்பெல்லாம் பற்றிக்கொண்டு வந்தது. இத்தனை மாதம் எவனோ பெற்ற பிள்ளை, இன்றைக்கு இவர்கள் அப்பா பெயருக்கு வாரிசா?

அவள் பெயரைச் சொல்லுமுன் மடியிலிருந்து பிள்ளையைத் தூக்கிக்கொண்டேன். காதில் சொல்வது போலச் சொல்லவில்லை. லயத்தின் கடைசி வீட்டுக் காம்பராவரை கேட்கட்டும் என்று மூன்று தடவையும் "போஹ்தான்" என உரக்கச் சொன்னேன். பிள்ளை வீறிட்டு அழுதான். அம்மா தலையில் கைவைத்துக்கொண்டாள்.

அவன் அக்கா சேலையை உதறிக்கொண்டு எழுந்தாள். "அப்ப எந்தம்பி கையெழுத்துப் போடமாட்டான், பாத்துக்க."

"வேணாங்கக்கா" என்றேன். "அத்தை பாயில நீங்க உக்காந்தத எல்லாரும் பாத்துட்டாங்க. அது போதும். இருந்து சாப்பிட்டுட்டுப் போங்க."