அங்கவடி இல்லாத ரோமாபுரிச் சிப்பாய்

ஒரு பெரிய வெள்ளிக்கிழமை முழுக்க நான் ரோமாபுரியின் குதிரைப்படைச் சிப்பாயாக இருந்தேன். சிரிக்காமல் கேட்பதானால் சொல்கிறேன்.

எங்கள் வீடு திருவொற்றியூரில், கடலுக்கும் எண்ணூர் நெடுஞ்சாலைக்கும் நடுவே ஒரு குப்பத்தில் இருக்கிறது. பிறந்த வீட்டில் எல்லோரும் கடலுக்குப் போகிறவர்கள். நான் மட்டும் குதிரைக்காரருக்கு வாக்கப்பட்டேன். என் வீட்டுக்காரரிடம் ஒரு வெள்ளைப் பெண்குதிரை உண்டு. மாப்பிள்ளை ஊர்வலங்களுக்கு வாடகைக்குப் போகும். மேளச் சத்தம் கேட்டால் முன்னங்காலைத் தூக்கித் தூக்கி ஆடும். அப்படி அதைப் பழக்கியது அவர். கொள்ளு வேகவைப்பது, சாணி அள்ளுவது, உடம்பு தேய்த்துவிடுவது, விடிந்ததும் கடலுக்கு ஓட்டிப்போய்க் குளிப்பாட்டுவது எல்லாம் நான். ஆனாலும் ஊருக்கு அது அவர் குதிரை. நான் குதிரைக்காரன் பொண்டாட்டி. இதில் எனக்கு வருத்தமில்லை என்று பல வருஷம் சொல்லிக்கொண்டிருந்தேன். பொய்தான்.

பெரிய வெள்ளியன்று பக்கத்து மாதா கோயில்காரர்கள் சிலுவைப்பாதையைத் தெருவிலேயே நடித்துக் காட்டுவார்கள். நாங்கள் அந்தக் கோயிலைச் சேர்ந்தவர்கள் இல்லை. குதிரை எங்களுடையது என்பதால், முன்னால் ஈட்டியோடு வழிவிலக்கிக்கொண்டு போகும் ரோமச் சிப்பாய் வேஷம் வருஷா வருஷம் என் வீட்டுக்காரருக்கு வரும். கல்யாணச் சேணம், தலையில் ஜிகினா ஒட்டிய அட்டைத் தொப்பி, கண்ணில் கறுப்புக் கண்ணாடி. அந்தக் கண்ணாடியை மட்டும் கழற்ற எவராலும் அவரை ஒப்புக்கொள்ள வைக்க முடிந்ததில்லை.

அந்த வருஷம் நடத்தும் பொறுப்பு ஓய்வுபெற்ற ஒரு சரித்திர வாத்தியாரிடம் போனது. நல்ல மனுஷர். எங்கள் வீட்டுக்கே வந்து, குதிரையைப் பார்த்தபடி ரோமர் கதையைச் சொன்னார். அந்தக் காலத்துக் குதிரைப்படைக்கு அங்கவடியே கிடையாதாம். கால் நுழைக்கும் அந்த இரும்பு வளையம் அவர்கள் கண்ணாலும் பார்க்காத சாமான். சேணத்தின் நாலு மூலையிலும் கொம்பு மாதிரி நீட்டிக்கொண்டிருக்குமாம். அதற்கு நடுவே தொடையை இறுக்கி உட்கார்ந்துகொண்டுதான் ஈட்டி எறிவதும் வாள் வீசுவதும். எனவே இந்த முறை அங்கவடி வேண்டாம் என்றார்.

டீ கொடுக்கப் போன நான் தம்ளரைத் திரும்ப வாங்க மறந்து நின்று கேட்டேன். சண்டையில் பாய்வது அவர்கள் வாழ்க்கையில் கொஞ்ச நேரம்தானாம். மிச்ச நேரமெல்லாம் காவல் சுற்றுவது, சேதி கொண்டுபோவது, பெரிய மனுஷருக்குத் துணையாகப் போவது, தீனி சேர்ப்பது, குதிரையைத் தேய்ப்பது. பாளையத்தில் முன்னறையில் குதிரைகளும் பின்னறையில் ஆட்களுமாகப் படுத்துக் கிடந்தார்களாம். நான் எங்கள் வீட்டைத் திரும்பிப் பார்த்தேன். முன்னால் ஆஸ்பெஸ்டாஸ் கொட்டகையில் குதிரை, பின்னால் ஒற்றை அறையில் நாங்கள். எங்கோ இருந்த அந்தச் சிப்பாய்மேல் எனக்கு ஒரு பிரியம் வந்துவிட்டது.

இன்னொன்றும் சொன்னார். குதிரைப்படையில் முக்கால்வாசிப் பேர் ரோமர்களே இல்லையாம். போரில் பிடித்த நாடுகளிலிருந்து சேர்த்த ஆட்கள். இருபத்தைந்து வருஷம் உழைத்த பிறகுதான் ரோமக் குடிமகன் என்ற பெயர் கிடைக்குமாம். இயேசுவின் ஊரில் காவல் நின்றவர்களும் அக்கம்பக்கத்து ஆட்களாகவே இருந்திருப்பார்கள் என்றார். எனக்கு உடனே எங்கள் குப்பத்துப் பையன்கள் ஞாபகம் வந்தது. கம்பெனி வாசலில் செக்யூரிட்டி சட்டை போட்டுக்கொண்டு, கம்பெனிக் கழிவுத்தண்ணியால் மீன் செத்துப்போச்சு என்று கேட்கப் போகும் சித்தப்பன் பெரியப்பனையே தடுத்து நிறுத்துகிறவர்கள். அவர்களைத் திட்டவும் மனசு வராது, திட்டாமல் இருக்கவும் முடியாது. ரோமாபுரியை நடத்தியதும் இந்த மாதிரிப் பையன்கள்தான் போலிருக்கிறது.

முதல் ஒத்திகையிலேயே என் வீட்டுக்காரர் விழுந்தார். காலமெல்லாம் அங்கவடியில் கால் ஊன்றியே பழகியவர். குதிரை ஒரு முறை சிலிர்த்துக்கொண்டதும் தார்ரோட்டில் இருந்தார். காறை எலும்பில் விரிசல். கையைக் கழுத்தோடு சேர்த்துத் தூளி கட்டிவிட்டார்கள். பிறகு வாட்டசாட்டமாக இரண்டு பேர் வந்து ஏறினார்கள். ஒருவர் குதிரை நகர்வதற்கு முன்பே சரிந்தார். மற்றவர் பிடரியைக் கட்டிப்பிடித்துக்கொண்டு போனதைப் பார்த்து வாத்தியாரே கண்ணை மூடிக்கொண்டார்.

"நான் ஏறட்டா?" என்று கேட்டேன்.

விஷயம் இதுதான். சேணம் வாடகைக்குப் போகும் நாளுக்கு மட்டும். மற்ற நாளில் அது துடைத்து ஆணியில் மாட்டியிருக்கும். குளிப்பாட்ட ஓட்டிப்போவதும், அலைக்குள் இறக்குவதும், கடலரிப்புக்குக் கல் கொட்டிய கரைக்கு நடுவே மிச்சமிருக்கும் மணலில் ஓடவிடுவதும் எல்லாம் நான் வெறும் முதுகில்தான். அங்கவடியில் கால் வைத்தே அறியாதவளுக்கு அது இல்லையே என்ற கவலை எங்கிருந்து வரும்?

கோயில் கமிட்டியில் ஒரே அமளி. பொம்பளையா, ரோமச் சிப்பாயா, அதுவும் பெரிய வெள்ளியன்றா? நான் என் ஆசையைச் சொல்லவில்லை. "வேற யாரு ஏறினாலும் அது முரண்டு பண்ணும். அதுக்கோசரம் சொல்றேன்" என்றேன். எப்போதும் இப்படித்தான் ஒரு நியாயத்தைக் கவசமாகப் போட்டுக்கொண்டு பேசுவேன். வாத்தியார் எனக்குப் பரிந்து பேசினார். ரோமக் குதிரைவீரர்கள் வித்தை காட்டும் நாளில் முகமூடித் தொப்பி போடுவார்களாம். ஆண்கள் பெண் முகமாகச் செய்த முகமூடி போட்டுக்கொண்டு ஆடியதும் உண்டாம். "அவங்க பொம்பளை முகம் போட்டாங்க. இவங்க ஆம்பளை முகம் போடட்டுமே" என்றார். கமிட்டி ஒப்புக்கொண்டது. ஆனால் முகமூடியை எந்தக் காரணத்துக்கும் கழற்றக் கூடாது, ஏறியது யார் என்று யாருக்கும் தெரியக் கூடாது.

என் வீட்டுக்காரர் ஏதாவது சொல்வார் என்று அவர் முகத்தையே பார்த்தேன். "மூஞ்சி தெரியாமயே போய்ட்டு வாம்மே. இன்னாத்துக்குப் பேஜாரு" என்றார். எனக்குக் கோபம் தலைக்கேறியது. அன்றைக்குக் குழம்பில் உப்பே போடவில்லை.

முகமூடியைச் செய்தது ஃபைபர் படகுக்கு ஒட்டுப்போடும் அண்ணன். மீசை வைத்த ஒரு பித்தளை நிற முகம். போட்டுக்கொண்டதும் உள்ளே படகுப் பட்டறை நெடி. கண்ணுக்கு இரண்டு ஓட்டை, மூச்சுக்கு ஒன்று. வெளியே சித்திரை வெயில். கன்டெய்னர் லாரிகள் வரிசையாக நின்ற சாலையோரமாக ஊர்வலம் புறப்பட்டது. எனக்குப் பின்னால் இயேசுவாகச் சிலுவை சுமந்து வந்தது எங்கள் தெரு ஆட்டோ டிரைவர் தம்பி. ஜனங்கள் நெஞ்சில் அடித்துக்கொண்டு அழுதார்கள். நான் மீசைக்குள் சந்தோஷமாக இருந்தேன். அந்த நாளில் அப்படி இருக்கக் கூடாதுதான். ஆனால் பட்டப்பகலில், நடுரோட்டில், எல்லோரும் அண்ணாந்து பார்க்க என் குதிரைமேல் நான் உட்கார்ந்திருந்தேன். பொய் சொல்ல மாட்டேன், அழுகையே வந்தது.

பாதி வழியில் பக்கத்துச் சந்திலிருந்து சாவு மேளம் கிளம்பியது. யாரோ பெரியவர் போய்விட்டார் போலிருக்கிறது. பூப்போட்ட வண்டி, முன்னால் ஆடிக்கொண்டு பையன்கள். என் குதிரைக்குக் கல்யாணம் என்ன, சாவு என்ன? மேளம் மேளம்தான். முன்னங்காலைத் தூக்கி ஆட ஆரம்பித்துவிட்டது. சிலுவைப்பாதைக்கு முன்னால் ரோமாபுரிக் குதிரை டான்ஸ் ஆடுகிறது. ஜனங்கள் அழுவதா சிரிப்பதா என்று தெரியாமல் நின்றார்கள். கமிட்டி ஆள் பல்லைக் கடித்துக்கொண்டு, "ஓட்டு, ஓட்டு, சாவு குறுக்கே வரதுக்குள்ள போய்டலாம்" என்றார்.

நான் ஓட்டவில்லை. தொடையை இறுக்கிக் குதிரையை ரோட்டுக்குக் குறுக்கே திருப்பினேன். கடலுக்குள் அது மிரளும்போது பேசுவேனே, அதே மாதிரி வாய்விட்டுப் பேசினேன்.

"இன்னாடி கண்ணு, நில்லுடி. நான் கீறேன்ல. சாவு போவட்டும், நில்லுடி தங்கம்."

குதிரை நின்றது. ஊர்வலம் மொத்தமும் நின்றது. வழிவிலக்க வைத்த சிப்பாயான நான் இயேசுவையே நிறுத்திவிட்டு ஒரு பிணத்துக்கு வழி விட்டேன். எங்கள் பக்கத்தில் அப்படித்தான். பிணத்தை நிறுத்திவிட்டு யாரும் முன்னால் போக மாட்டோம். ஆட்டோக்காரத் தம்பி சிலுவையை இறக்கி வைத்துவிட்டு, சுட்ட பாதத்தை மாற்றி மாற்றித் தூக்கினான். வண்டி கடந்து போனதும், தலையைக் குனிந்தபடியே, "தேங்க்ஸ்க்கா" என்றான்.

ரோட்டோரம் மீன்கூடையோடு உட்கார்ந்திருந்தவளும் சும்மா இருக்கவில்லை. "அய்ய, இது நம்ம குதிரைக்காரன் பொண்டாட்டி கொரலுடீ!" என்று கத்தினாள். அப்புறம் கோயில் போய்ச் சேரும்வரை ஜனங்கள் ஒரு கண்ணால் இயேசுவையும் ஒரு கண்ணால் என்னையும் பார்த்துக்கொண்டு வந்தார்கள். சொன்ன சொல்லுக்காக முகமூடியை நான் கழற்றவில்லை.

அடுத்த வருஷக் கமிட்டிக் கூட்டத்துக்கு என் வீட்டுக்காரரோடு நானும் போனேன். அவர் தோள் நன்றாகக் கூடியிருந்தது. ஒருவர் பேச்சோடு பேச்சாக, "இந்த வாட்டி அந்தக் கால் வளையத்த மாட்டிக்கலாம். பாக்கறவனுக்கு இன்னா தெரியப் போவுது? அண்ணனே ஏறட்டும்" என்றார். வாத்தியாரைப் பார்த்தேன். அங்கவடி கூடாது என்று அவ்வளவு அடம்பிடித்தவர் மூக்குக் கண்ணாடியைத் துடைத்துக்கொண்டிருந்தார்.

குதிரை முரண்டு பண்ணும், சரித்திரம் தப்பாகும் என்று சொல்ல வாயெடுத்தேன். சொல்லப் பிடிக்கவில்லை.

"குதிரைக்கோசரம் இல்ல. சரித்திரத்துக்கோசரமும் இல்ல. எனக்கு ஏறணும்" என்றேன். "மூஞ்சி தெரிய ஏறணும்."

  என் வீட்டுக்காரர் என்னைப் புதுசாகப் பார்ப்பதுபோலப் பார்த்தார்.

"இத்தினி வருசமா ஏன்மே சொல்லவே இல்ல?"

"நீ கேட்டியாய்யா?"

 அவர் கமிட்டிக்காரரிடம் திரும்பி, "அவளே ஏறட்டும்பா. குதிரை அவுளுதுதான்" என்றார்.