என் குரலை விட்டுக்கொடுக்காத தேவராசு அண்ணன்

தேவராசு அண்ணன் போய்விட்டார். இன்று காலை, தூக்கத்திலேயே... அவர் மனைவி செல்வி அக்கா இப்போதுதான் போன் செய்தார்.

பெரிய கம்பெனி எதுவும் பின்னால் இல்லாமல் மூன்று படம் எடுத்த நம் புதுச்சேரி டைரக்டர். வயிற்றுப்பாட்டுக்குக் கல்யாண வீடியோ எடுத்தார்.

அவரை முதலில் பார்த்தபோது நான் நெல்லித்தோப்பில் ஒரு டைலர் கடையில் மெஷினில் உட்கார்ந்திருந்தேன். ஷூட்டிங்குக்குக் கொடுத்த சட்டை தயாராகவில்லை என்று அவர் கத்த, நான் பதிலுக்குக் கத்த... கடையே திரும்பிப் பார்த்தது. சட்டென்று சிரித்துவிட்டார்.

"நம்ம படத்துல நடிக்கிறியாம்மா?"

"எனக்கு நடிக்கல்லாம் வராதுண்ணா."

"வராதுன்னுதான் கேக்கறேன்."

மில் மூடிய பிறகு குடும்பத்தைத் தூக்கி நிறுத்தும் ஒரு பெண்ணின் கதை. அந்தப் பெண்ணாக நடித்தது நான்தான்.

படத்தை வாங்க சென்னையிலிருந்து ஒருவர் வந்தார். எல்லாம் ஓகே, ஒரே கண்டிஷன்... என் கரகரத்த குரலை எடுத்துவிட்டு வேறு யாரையாவது டப்பிங் பேசவைக்க வேண்டும். நான் பக்கத்தில்தான் இருந்தேன். தலையே நிமிரவில்லை.

அண்ணன் பாதி காபியோடு எழுந்துவிட்டார். "அவ கொரல எடுத்துட்டா படத்துல இன்னா சார் இருக்கு? நீங்க கெளம்புங்க."

இரண்டு வருடம் படம் ஹார்ட் டிஸ்க்கிலேயே கிடந்தது. "என்னாலதானண்ணா..." என்று ஒருநாள் அழுதேன். "ஒன்னாலதான் அது படமாச்சு, போ" என்றார்.

அப்புறம்தான் டெல்லியிலிருந்து, ஒரு திரைப்பட விழாவுக்காக, அந்த போன். நாடு முழுக்க வந்த படங்களில் தேர்வானவற்றில் எங்கள் படமும் ஒன்று!

விழாவில் தமிழ் தெரியாத அத்தனை பேரும் படம் முடிந்ததும் எழுந்து நின்று கைதட்டினார்கள். மேடையில் மைக்கை வாங்கி என் கையில் கொடுத்தார் அண்ணன். "பேசு. இந்தக் கொரலத்தான் கேக்கணும் எல்லாரும்."

என்ன பேசினேன் என்று சத்தியமாக ஞாபகம் இல்லை.

முதலில் முடியாது என்ற நம்ம ஊர் தியேட்டரே பிறகு கூப்பிட்டு ஞாயிறு காலைக் காட்சி கொடுத்தது. பழைய மில் தொழிலாளிகள் குடும்பம் குடும்பமாக, கல்யாணத்துக்கு வருவதுபோல் உடுத்திக்கொண்டு வந்தார்கள்.

மேனேஜர் எங்கிருந்தோ ஹவுஸ்ஃபுல் போர்டைத் தேடி எடுத்து வந்தார். ஒரே தூசி. அண்ணன் தன் புதுச் சட்டையாலேயே அதைத் துடைத்து வாசலில் மாட்டினார்... அந்த முகத்தை நீங்கள் பார்த்திருக்க வேண்டும்!

மாலை நாலு மணிக்கு ரெட்டியார்பாளையம் வீட்டிலிருந்து எடுக்கிறார்கள். அழுகிறவர்கள் அழலாம். விசிலடிக்கத் தெரிந்தவர்கள் கட்டாயம் வாருங்கள், அக்காவே சொல்லச் சொன்னார்.

வர்றோம்ண்ணா.