நாழிகைக்கொடிக்குத் தண்ணீர்

காலத்தை நீட்டுகிற செடி என்றால் எங்கள் இண்டூரில் யாரும் வாயைப் பிளக்க மாட்டார்கள். வத்தல்மலைக்காரர்கள் சாமைக் காட்டு வரப்பில் நாழிகைக்கொடி வளர்ப்பது ஊருக்கே தெரியும். அறுப்பு நாளில் பொழுது சாயாமல் இருக்க அவர்களுக்கு அது வேண்டும். எனக்கு வேண்டியிருந்தது வேறு. மனைவி போன பிறகு வீட்டில் நான் ஒருவன்தான். பெங்களூரில் வேலை பார்க்கிற மகள் மாதத்தில் ஒரு ஞாயிற்றுக்கிழமை பகல் பன்னிரண்டுக்கு வருவாள். மாலை ஐந்து மணி டவுன் பஸ்ஸில் கிளம்பிவிடுவாள். அந்தப் பொழுது கொஞ்சம் நீண்டால் போதும் என்று மலைக்குப் போய் ஒரு நாற்று வாங்கிவந்தேன்.

கொடுத்த மலைக்காரம்மா ஒரே பாடம்தான் சொன்னார். "எந்த நேரத்துல தண்ணி ஊத்தறீங்களோ, அந்த நேரத்தத்தான் அது புடிச்சு இழுக்கும். அடுத்த தண்ணி வரைக்கும் தெனமும் அதே நேரந்தான் நீளும். நடுவுல வாடினாலும் திரும்பிப் பாக்காதீங்கண்ணா. மாசம் ஒருக்கா ஊத்துனா போதும், சாவாது."

நாற்பது வருஷம் தக்காளியும் மரவள்ளியும் போட்டவனுக்கு இதெல்லாம் ஒரு விஷயமா என்ற திமிரோடு தலையாட்டினேன்.

வாசலில் நட்டேன். மூன்றாம் நாள் காலை பத்து மணிக்குப் பார்க்கிறேன், இலை தொங்கிக் கிடக்கிறது. விவசாயி கை சும்மா இருக்குமா? ஒரு சொம்பு ஊற்றிவிட்டேன். மறுநாளும், அதற்கப்புறம் தினமும் அதே பத்து மணிக்கு ஊற்றினேன். என் புத்தியைச் செருப்பால் அடிக்க வேண்டும். ஒரு மாதத்தில் என் வீட்டுப் பத்து மணி ரப்பராக இழுபட்டுப் போனது. பேப்பரை இரண்டு தடவை படித்து, பாத்திரம் கழுவி, தெருவை எட்டிப் பார்த்துவிட்டு வந்தாலும் கடிகாரம் பத்தே காலைத் தாண்டியிருக்காது. பேச ஆளில்லாத வீட்டில் அப்படியொரு பத்து மணி எதிரிக்கும் வரக்கூடாது. மகள் வந்த ஞாயிறோ, வந்ததும் தெரியவில்லை, போனதும் தெரியவில்லை.

திரும்பவும் போய் நின்றபோது மலைக்காரம்மா சிரித்தார். "கீழ இருந்து வர்ற ஆளுங்க எல்லாரும் இதே தப்புதான் பண்றீங்க. பயிரு வாடினா உங்களுக்குத் தொண்ட அடைக்குது. மவளோட ஒக்காந்திருக்கறப்ப மட்டும் ஊத்துங்க, போங்க."

பல்லைக் கடித்துக்கொண்டு அவள் வரும் அடுத்த ஞாயிறுவரை ஊற்றாமல் இருந்தேன். மகள் வந்தாள். சோறு போட்டுவிட்டு, சொம்புத் தண்ணீரோடு தயாராக உட்கார்ந்தேன். ஆபீஸிலிருந்து அவளுக்குப் போன் வந்தது. இப்போது ஊற்றினால் போன் பேச்சுதான் நீண்டு தொலைக்கும் என்று காத்திருந்தேன். வைத்தாள், இன்னொரு போன் வந்தது. அப்புறம் அசந்து தூங்கிவிட்டாள். எழுப்ப மனசு வரவில்லை.

ஐந்து மணிக்குப் பையை மாட்டிக்கொண்டு வாசலில் இறங்கியவள் செடியைப் பார்த்தாள்.

"என்னப்பா இது! நீங்களா செடிய இப்பிடிக் காய விட்டீங்க? ஒடம்பு கிடம்பு சரியில்லையா?" என்றபடி கையிலிருந்த பாட்டிலைக் கவிழ்த்தாள்.

"ஐயோ, இப்ப வேணாம் பாப்பா!" என்று கத்தினேன். அதற்குள் தண்ணீர் வேருக்குப் போய்விட்டது.

கேட்டைத் தாண்ட அவளுக்கு அவ்வளவு நேரம் ஆனது. பஸ் தெருமுனையில் உறுமிக்கொண்டே நின்றது. "பாத்து இருங்கப்பா, வேளைக்குச் சாப்புடுங்க" என்று சொன்னவளின் முகத்தை முழுசாகப் பார்த்தேன். கண் கலங்கியிருந்தது. மாதாமாதம் இப்படித்தான் கலங்கியிருப்பாள் போல. பஸ் அவசரத்தில் நான் கவனித்ததே இல்லை. "ஒரு நாள் இருந்துட்டுப் போ பாப்பா" என்று கேட்கத் தாராளமாக நேரம் இருந்தது. கேட்காமல், கையாட்டிக்கொண்டே நின்று தொலைத்தேன்.

இப்போது தினமும் ஐந்து மணி என் வாசலில் நெடுநேரம் நிற்கிறது. பஸ் வந்து மெதுவாகப் போகிறது. தனியாக நின்று பார்க்க நெஞ்சு வலிக்கிறது. வேறு நேரத்தில் ஒரு சொம்பு ஊற்றினால் இது தீர்ந்துவிடும். ஆனால் ஊற்றாமல் விட்டால், அடுத்த மாதம் அவள் கிளம்பும்போதும் இதே ஐந்து மணி நீளும். அப்போது கேட்டுவிடுவேன். அதுவரை செடி என் கண்ணெதிரே வாடினாலும் சொம்பைத் தொட மாட்டேன்.