நெட்டைச் சின்னப்பா

எங்கள் சின்னப்பா கட்டையான மனிதர். கல்யாணப் படத்தில் அவருடைய தலை சின்னம்மாவின் காதுக்கு நேரே நிற்கும். குடும்பத்தில் அதைச் சொல்லிச் சிரிக்காதவர் இல்லை. முதலில் சிரிப்பவரும் அவர்தான்.

சின்னப்பா குடியிருந்த கல்லடிக்குள் சுனாமிக் கடல் வந்த காலையில், மீன் வாங்கக் கரைக்குப் போனவர் திரும்பவில்லை. உடலும் கிடைக்கவில்லை. வீடும் போய், உடுத்த சேலையோடு சின்னம்மா அமிர்தகழியில் உள்ள எங்கள் வீட்டுக்கு வந்தார். முப்பத்தோராம் நாள் நெருங்கியபோது, அம்மாவுக்கும் சின்னம்மாவுக்கும் அண்ணனான பெரியமாமா, கிரியையைச் செய்துவிட வேண்டும் என்றார். ஆத்மா அலையக் கூடாதல்லவா? எங்கள் பக்கத்தில் தாய்மாமன் சொன்னால் சொன்னதுதான். கிரியை முடிந்தால் சின்னம்மா தாலியைக் கழற்ற வேண்டும், பொட்டை அழிக்க வேண்டும். அவர் சோற்றைத் தொடவில்லை.

பெரியமாமா ஐயரிடம் நாள் பேசப் போயிருந்த காலையில்தான் முன்பின் தெரியாத ஓர் ஆள் படலையைத் திறந்துகொண்டு வந்தான். வெள்ளைச் சாரன், நெற்றி நிறையத் திருநீறு, வாய் நிறையத் தங்கச்சி. எந்த வீட்டில் ஆளைக் காணவில்லை என்று கடைத்தெருவில் விசாரித்துக்கொண்டு வந்திருக்க வேண்டும். அம்மா தேநீர் போட அடுப்படிக்குப் போனார். அவன் கதிரையில் இருந்தபடி முற்றத்தை ஒரு சுற்றுப் பார்த்தான். கொடியில் நிவாரணத்தில் கிடைத்த சேட்டு ஒன்று காய்ந்துகொண்டிருந்தது; அவன் கண் அதில் நின்றது. எந்த நாட்டு ராட்சதன் போட்டதோ, எனக்குக் கணுக்கால் வரை வரும். சின்னம்மா அதை வீட்டு வேலைக்குப் போட்டுக்கொள்வார்.

"தங்கச்சி, உங்கட அவரை நான் பொலன்னறுவை ஆஸ்பத்திரியில கண்டனான். நல்ல உசரமான ஆள். பேர் ஊர் ஒண்டும் ஞாபகமில்லாமக் கிடக்கார்."

எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. சின்னப்பா கட்டை என்று சொல்ல வாயைத் திறந்தேன். சின்னம்மா என் தொடையில் கிள்ளிய கிள்ளில் கண்ணில் தண்ணீர் வந்தது.

அவர் அடுப்படிப் பக்கம் ஒருமுறை திரும்பிப் பார்த்தார். பிறகு குரலைத் தாழ்த்தினார்.

"இப்ப எங்கட அண்ணன் வருவார். அவரிட்ட கட்டையான ஆள் எண்டு சொல்லுங்க. இடப்பக்கப் புருவத்தில ஒரு வெட்டுத் தழும்பு."

அவன் தொழில் தெரிந்தவன். பெரியமாமா வந்ததும் கட்டையையும் தழும்பையும் சொல்லி, தூக்கத்தில் கல்லடி, கல்லடி என்று புலம்புவதாகச் சொந்தச் சரக்கும் சேர்த்தான். ஆளைக் கண்டிக்கு மாற்றப்போகிறார்களாம், விசாரித்துக்கொண்டு தானே வருவானாம். நெல் வியாபாரிகளில் ஒருவராலும் ஏய்க்க முடியாத பெரியமாமா, சால்வையால் முகத்தைப் பொத்திக்கொண்டு அழுதார். கிரியைப் பேச்சு அத்தோடு நின்றது.

சின்னம்மா அந்தச் சேட்டை மடித்து அவனுக்கே கொடுத்தார். படலை வரை கூடவே போனார். நானும் பின்னால் போனேன்.

"அடுத்த மாசமும் ஒருக்கா வாங்க" என்றார்.

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. இப்படியும் ஒரு ஏமாளி இருப்பாரா? கிள்ளு வாங்கிய கோபத்தில் அன்று முழுக்க அவரோடு பேசவில்லை. அவரோ அன்று மத்தியானம் இரண்டு தரம் சோறு போட்டுத் தின்றார்.

பெரியமாமா பொலன்னறுவைக்கும் கண்டிக்கும் அலைந்துவிட்டு வெறுங்கையோடு வந்தார். நாளாக ஆக, அந்த ஆளும் திரும்பி வராததால், மறுபடியும் ஐயரின் பேச்சை எடுக்கத் தொடங்கினார். படலை கிறீச்சிட்டால் போதும், சின்னம்மா ஈரக் கையோடு ஓடி வந்து எட்டிப் பார்ப்பார். சின்னப்பாவைத்தான் தேடுகிறார் என்று அப்போது நான் நினைத்துக்கொண்டிருந்தேன்.